சாதிச் சான்று சரிபார்ப்பில் நிற்குமா? – வாசகர் கேள்விகள்

பிளஸ் டூ முடிவுகளுக்குப் பிறகு வந்த கடிதங்களில், உயர்கல்வி இடஒதுக்கீட்டுக்கான சாதிச் சான்று பற்றியவற்றை இந்த இதழுக்கு எடுத்துக்கொண்டோம். வருவாய்த் துறை நடைமுறையும் கலந்தாய்வு நடைமுறையும் அறிந்தவர்கள் பதில் எழுதியிருக்கிறார்கள். முதலிலேயே ஒன்றைச் சொல்லிவிடுகிறோம்: சான்று கையில் இருப்பது வேறு, சரிபார்ப்பில் அது நிற்பது வேறு. பல பிள்ளைகள் இடத்தை இழப்பது தகுதி இல்லாததால் அல்ல. தவறான படிவம், பழைய தேதி, ஓர் எழுத்துப் பிழை போன்றவற்றால்தான்.

கேள்வி: என் மகன் ஆறாம் வகுப்பில் சேர்ந்தபோது வாங்கிய அட்டைச் சான்று இருக்கிறது. கையால் எழுதி, முத்திரை வைத்தது. பொறியியல் கலந்தாய்வுக்கு இது போதுமா?
– ஒரு தாய், செய்யாறு

பதில்: செல்லும். நிரந்தரச் சாதிச் சான்றுக்குக் காலாவதி கிடையாது. தமிழ்நாடு பொறியியல் சேர்க்கையில் நிரந்தர அட்டையையும் ஏற்கிறார்கள், மின்கையொப்பமிட்ட இ-சான்றையும் ஏற்கிறார்கள். ஆனாலும் இ-சான்று ஒன்று வாங்கி வைத்துக்கொள்ளுங்கள் என்றே சொல்வோம். லேமினேட் செய்த பழைய அட்டையை ஸ்கேன் செய்யும்போது, மேலே உள்ள பிளாஸ்டிக் பளபளத்து முத்திரை இருக்கும் இடம் வெள்ளையாகிவிடும்; கையெழுத்து மங்கிப் போயிருக்கும். திரையில் பார்ப்பவருக்கு அது வெறும் தாள். இ-சான்றில் சான்றிதழ் எண்ணும் க்யூ.ஆர். குறியீடும் இருப்பதால் அங்கேயே சோதித்துவிடலாம்.

வாங்கும் முறை இதுதான். இ-சேவை மையத்திலோ, இணையத்தில் உங்கள் சொந்தக் கணக்கிலோ மகன் பெயரில் முதலில் ‘கேன்’ எண் (விண்ணப்பதாரருக்கான பதிவு எண்) பதிய வேண்டும். அதற்கு ஆதாரும், ஓ.டி.பி. வரும் கைபேசியும் தேவை. பிறகு சாதிச் சான்று விண்ணப்பத்தைத் திறந்து, புகைப்படம், தகப்பனார் அல்லது தாயாரின் சாதிச் சான்று, குடும்ப அட்டை, பள்ளி மாற்றுச் சான்றிதழ், கையொப்பமிட்ட சுய உறுதிமொழி ஆகியவற்றைப் பதிவேற்ற வேண்டும். இ-சேவை மையத்தில் கட்டணம் 60 ரூபாய். ஒப்புகைச் சீட்டைத் தொலைக்காதீர்கள். அதிலுள்ள எண்ணை வைத்துத்தான் விண்ணப்பம் யார் மேசையில் இருக்கிறது என்று பார்க்க முடியும். வி.ஏ.ஓ. பார்த்து, வருவாய் ஆய்வாளர் பார்த்து, அதன் பிறகே வட்டாட்சியர் அலுவலகத்துக்குப் போகும்.

கேன் பதியும்போதே பிழை நுழைந்துவிடுகிறது. அதில் என்ன எழுத்து இருக்கிறதோ அதுதான் சான்றில் அச்சாகும். வருமானச் சான்று, முதல் பட்டதாரிச் சான்று என்று அடுத்தடுத்து வாங்குபவற்றிலும் அதுவே தொடரும். ஆதாரில் இனிஷியல் பின்னால், மதிப்பெண் பட்டியலில் முன்னால், அப்பா பெயரில் ஓர் எழுத்து கூடுதல் என்று இருந்தால், மையத்தில் ‘சமர்ப்பி’ பொத்தானை அழுத்தும் முன் திரையைத் திருப்பிக் காட்டச் சொல்லி, மதிப்பெண் பட்டியலைப் பக்கத்தில் வைத்து எழுத்தெழுத்தாக ஒப்பிடுங்கள். பணம் கட்டிய பிறகு திருத்தம் கேட்டால் பெரும்பாலும் மறுபடி முதலிலிருந்து தொடங்க வேண்டியிருக்கும்.

பெற்றோரிடம் சான்றே இல்லையென்றால், தகப்பனாரின் உடன்பிறந்தவர்கள், தாத்தா பாட்டி வழியில் ஏதாவது ஒரு சான்று அல்லது பழைய பள்ளிப் பதிவு தேடுங்கள். வி.ஏ.ஓ.வின் உள்ளூர் விசாரணைக்கு அதுதான் பிடிமானம்.

கேள்வி: நாங்கள் எம்.பி.சி. மகள் ஜே.இ.இ., நீட் இரண்டும் எழுதியிருக்கிறாள். சாதிச் சான்றை ஏற்றினால் மத்திய கலந்தாய்வில் நிராகரிக்கிறார்கள். அதே சான்றை மாநிலக் கலந்தாய்வில் ஏற்கிறார்கள். எது தப்பு?
– ஒரு தந்தை, திண்டிவனம்

பதில்: இரண்டும் சரி. இரண்டும் வேறு வேறு பட்டியல், வேறு வேறு படிவம்.

மாநிலத்தில் பி.சி.க்கு 26.5, பி.சி. முஸ்லிம் 3.5, எம்.பி.சி. மற்றும் சீர்மரபினருக்கு 20, எஸ்.சி.க்கு 18, எஸ்.டி.க்கு 1 என்று 69 விழுக்காடு. இதில் கிரீமிலேயர் (பிற்படுத்தப்பட்டோரில் வசதியானவர்களை விலக்குவது) என்ற வடிகட்டலே கிடையாது. ஐ.ஐ.டி., என்.ஐ.டி., எய்ம்ஸ் போன்ற மத்திய நிறுவனங்களிலும், 2021–22 முதல் நீட் அகில இந்திய ஒதுக்கீட்டு இடங்களிலும் ஓ.பி.சி.க்கு (இதர பிற்படுத்தப்பட்டோர்) 27 விழுக்காடு. அங்கே பி.சி., எம்.பி.சி. என்ற பிரிவு கிடையாது. உங்கள் சாதி தமிழ்நாட்டுக்கான மத்திய ஓ.பி.சி. பட்டியலில் இருக்க வேண்டும்; குடும்பம் கிரீமிலேயரில் வரக்கூடாது; அந்த இரண்டையும் சொல்லும் மத்திய அரசுப் படிவத்தில் சான்று இருக்க வேண்டும். எம்.பி.சி. அட்டையில் இதில் எதுவுமே இல்லை. அதனால்தான் திருப்புகிறார்கள்.

ஆக, ஒரே எம்.பி.பி.எஸ். படிப்புக்கு உங்கள் மகளுக்கு இரண்டு சான்று வேண்டும். ஓ.பி.சி. சான்றுக்குத் தனி விண்ணப்பம், அதுவும் இ-சேவை வழியாகவே. கிரீமிலேயர் விஷயத்தில் அலுவலகங்களிலேயே குழப்பம் நிறைய என்பதால், விதியைத் தெரிந்துகொண்டு போங்கள்:

பார்ப்பது பெற்றோரின் நிலையை மட்டும். மாணவியின் வருமானமோ தாத்தாவின் சொத்தோ கணக்கில்லை. தந்தை, தாய் இருவரில் ஒருவர் அரசுப் பணியின் உயர்நிலையான குரூப் ஏ-வில் நேரடி நியமனம் பெற்ற அதிகாரியாக இருந்தாலே கிரீமிலேயர். இருவருமே அதற்கு அடுத்த நிலையான குரூப் பி-யில் நேரடி நியமனம் பெற்றவர்கள் என்றாலும் அப்படித்தான். குரூப் பி-யில் சேர்ந்த தந்தை 40 வயதுக்குள் குரூப் ஏ-வுக்கு உயர்ந்துவிட்டால் அதுவும். அதற்குக் கீழுள்ள பதவிகளில் இருப்பவர்களுக்கு வருமான வரம்பு ஆண்டுக்கு 8 லட்சம். 2017 முதல் இந்த அளவு. தொடர்ந்து மூன்று ஆண்டுகள் தாண்டினால்தான் கிரீமிலேயர், ஒரே ஓராண்டு தாண்டியதற்காக அல்ல. இந்த 8 லட்சத்தைக் கணக்கிடும்போது சம்பளத்தையும் விவசாய வருமானத்தையும் மற்ற வருமானத்தோடு கூட்டக்கூடாது. 1993 செப்டம்பர் 8-ஆம் தேதி மத்திய அரசின் பணியாளர் துறை வெளியிட்ட குறிப்பாணையிலேயே இது இருக்கிறது. பள்ளி ஆசிரியர் குடும்பத்தில் இருவரின் சம்பளத்தையும் கூட்டி, ‘எட்டு லட்சம் தாண்டிவிட்டது, தர முடியாது’ என்று திருப்பி அனுப்புவது விதிக்கு மாறானது. அந்தக் குறிப்பாணையின் நகலையும், பதவியின் வகையைக் குறிப்பிட்டு அலுவலகத் தலைவர் கொடுத்த கடிதத்தையும் விண்ணப்பத்தோடு இணையுங்கள். சம்பளச் சான்றை மட்டும் இணைத்தால் எதிரில் இருப்பவர் தொகையை மட்டுமே பார்ப்பார்.

அடுத்தது தேதி. போன ஆண்டு அக்காவுக்கு வாங்கிய மாதிரியை வைத்து மார்ச் மாதமே வாங்கிவிடாதீர்கள். ஐ.ஐ.டி. சேர்க்கைக்கு அந்த ஆண்டு ஏப்ரல் 1-ஆம் தேதியோ அதற்குப் பிறகோ வழங்கிய சான்றுதான் செல்லும். ஏப்ரல் முதல் வாரத்திலேயே விண்ணப்பித்துவிடுங்கள். மே மாதத்தில் எல்லா வட்டாட்சியர் அலுவலகத்திலும் நெரிசல்.

கடைசியாக, மாநிலப் பட்டியலில் பி.சி.யாக இருந்து மத்தியப் பட்டியலில் பெயரே இல்லாத சாதிகள் உண்டு. சில சாதிகளுக்குக் குறிப்பிட்ட மாவட்டங்களில் மட்டும் என்று கட்டுப்பாடும் உண்டு. பிற்படுத்தப்பட்டோர் தேசிய ஆணையத்தின் இணையதளத்தில் தமிழ்நாட்டுப் பட்டியலைத் திறந்து, உங்கள் சான்றில் உள்ள பெயர் அதே எழுத்தில் இருக்கிறதா, அடைப்புக்குறிக்குள் மாவட்டம் ஏதும் போட்டிருக்கிறதா என்று பாருங்கள். விண்ணப்பத்தில் ஓ.பி.சி. என்று போட்டுவிட்டுச் சான்று நிற்காமல் போனால் பொதுப்பிரிவுக்கு மாற்றுவார்கள், ஓ.பி.சி. தரவரிசையில் கிடைத்த இடம் பொதுத் தரவரிசைக்கு எட்டாது.

கேள்வி: நாங்கள் அருந்ததியர். ஆனால் அப்பா காலத்திலிருந்து சான்றில் ‘ஆதி திராவிடர்’ என்று இருக்கிறது. எஸ்.சி.ஏ. (எஸ்.சி.க்குள் அருந்ததியருக்கான உள்ஒதுக்கீடு) இடத்தில் மகனுக்கு விண்ணப்பிக்கலாமா?
– ஒரு வாசகர், திண்டுக்கல்

பதில்: இந்தச் சான்றோடு முடியாது. 2009-ஆம் ஆண்டுச் சட்டம் ஆதி ஆந்திரர், அருந்ததியர், சக்கிலியன், மாதாரி, மாதிகா, பகடை, தோட்டி ஆகிய ஏழு பெயர்களைச் சொல்கிறது. சான்றில் இந்த ஏழில் ஒன்று இருந்தால்தான் கணினி எஸ்.சி.ஏ. என்று எடுத்துக்கொள்ளும். ஆதி திராவிடர் என்றிருந்தால் மகன் எஸ்.சி. பட்டியலில் மட்டும் நிற்பான். எஸ்.சி.ஏ. சான்று இருந்தால், எஸ்.சி.யின் 18 விழுக்காட்டுக்குள் அருந்ததியருக்கு ஒதுக்கிய 3 விழுக்காட்டில் முன்னுரிமையும் உண்டு, மீதி எஸ்.சி. இடங்களுக்கு மற்றவர்களோடு போட்டியிடும் உரிமையும் உண்டு. எதையும் இழப்பதில்லை.

மாற்றுவது எழுத்துப் பிழை திருத்தம் அல்ல. வேறு சாதியின் பெயரில் புதிய சான்று. எனவே வட்டாட்சியர் விசாரணை நடத்துவார். தாத்தாவின் பள்ளிப் பதிவு, பழைய பத்திரத்தில் சாதி குறித்த வரி, பெரியப்பா சித்தப்பா பிள்ளைகளுக்கு அருந்ததியர் என்று கொடுத்த சான்றுகள் ஆகியவற்றைச் சேருங்கள். மகனுக்கு மட்டும் மாற்றி, மகளுக்கும் அப்பாவுக்கும் பழையதை விட்டுவைக்காதீர்கள். பின்னாளில் வேலைக்கான சரிபார்ப்பில் ஒரே வீட்டில் இரண்டு சாதி என்று கேள்வி வரும்.

மத்திய நிறுவனங்களில் இந்த உள்ஒதுக்கீடு கிடையாது, எஸ்.சி. மட்டுமே. 2024 ஆகஸ்ட் 1-ஆம் தேதி உச்ச நீதிமன்றத்தின் ஏழு நீதிபதிகள் அமர்வு மாநிலங்கள் உள்ஒதுக்கீடு செய்யலாம் என்று சொன்னபோது, தமிழ்நாட்டின் இந்தச் சட்டமும் உறுதியாயிற்று.

கேள்வி: எங்களுக்கு மலையாளி (மலைவாழ் பழங்குடி) எஸ்.டி. சான்று இருக்கிறது. கல்லூரியில் ‘மெய்த்தன்மை அறிக்கை (சான்று உண்மையானதுதான் என்ற விசாரணை அறிக்கை) வர வேண்டும்’ என்கிறார்கள். மகளின் படிப்பு நின்றுவிடுமா?
– ஒரு வாசகர், கல்வராயன்மலை

பதில்: நிற்காது. அறிக்கை வரும்வரை தற்காலிகச் சேர்க்கையில் படிப்பைத் தொடரலாம். ஆனால் இந்தக் கட்டத்தில் அசட்டையாக இருந்துவிடாதீர்கள்.

முதலில் சான்றை வழங்கியது யார் என்று பாருங்கள். 1989 நவம்பர் 11-ஆம் தேதி வரை வட்டாட்சியர் கொடுத்த எஸ்.டி. சான்று செல்லும். அதற்குப் பிறகு கோட்டாட்சியர் அல்லது சார் ஆட்சியர் கையெழுத்து இருக்க வேண்டும். அடுத்தது ஊர். மலையாளி என்ற பெயர் தருமபுரி, வட ஆற்காடு, புதுக்கோட்டை, சேலம், தென் ஆற்காடு, திருச்சிராப்பள்ளி ஆகிய பழைய மாவட்டங்களுக்கு மட்டுமே பட்டியலில் இருக்கிறது. உங்கள் மலை பழைய தென் ஆற்காடு, சேலம் எல்லையில் வருவதால் சிக்கல் இல்லை. ஈரோடு மாவட்ட மலைகளில் அதே மக்கள் அதே வாழ்க்கை வாழ்ந்தும் இந்த எல்லையால் சான்று கிடைக்காமல் தவிக்கிறார்கள். அது அநியாயம், ஆனால் நாடாளுமன்றம் பட்டியலைத் திருத்தாமல் எந்த அதிகாரியாலும் தர முடியாது.

சரிபார்ப்பு எப்படி நடக்கும்? 1994-இல் மாதுரி பாட்டீல் வழக்கில் உச்ச நீதிமன்றம் வகுத்த முறை இது. எஸ்.டி. சான்றை மாநில அளவிலான கூர்நோக்குக் குழுவும், எஸ்.சி. சான்றை மாவட்ட அளவிலான விழிப்புக் குழுவும் பார்க்கின்றன. கூர்நோக்குக் குழுவுக்கு உதவ காவல் துறை அதிகாரி தலைமையில் விழிப்புப் பிரிவு உண்டு. அவர்கள் ஊருக்கே வருவார்கள். பெற்றோரிடமும் ஊர்ப் பெரியவர்களிடமும் குலதெய்வம், திருமணச் சடங்கு, சாவுச் சடங்கு, உறவுமுறை பற்றிக் கேட்பார்கள். பள்ளிப் பதிவேட்டைப் பார்ப்பார்கள். அறிக்கை பாதகமாக இருந்தால் அதன் நகலோடு உங்களுக்கு நோட்டீஸ் வர வேண்டும். பதில் சொல்ல இரண்டு வாரம். காரணம் சொல்லிக் கேட்டால் 30 நாள் வரை. நோட்டீஸ் பழைய முகவரிக்குப் போய்த் திரும்பிவிட்டால் உங்கள் பக்கம் கேட்காமலே முடிவாகிவிடும். ஆகவே வீடு மாறினால் கல்லூரிக்கும் குழுவுக்கும் எழுத்தில் தெரிவியுங்கள். முடிவு எதிராக வந்தால் உரிமையியல் நீதிமன்றம் போக முடியாது. உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு ஒன்றே வழி.

பட்டணத்தில் வளர்ந்த பிள்ளைக்குச் சடங்குகள் தெரியாததால் ‘பழங்குடியல்ல’ என்று எழுதிய அறிக்கைகள் உண்டு. அப்படி ஒன்று வந்தால் கலங்க வேண்டாம். சடங்குச் சோதனை மட்டுமே உரைகல் அல்ல, அரசியலமைப்புக்கு முந்தைய ஆவணங்களுக்கே அதிக மதிப்பு என்று 2023 மார்ச் மாதம் உச்ச நீதிமன்றம் தெளிவாகச் சொல்லியிருக்கிறது. 1950-க்கு முந்தைய பிறப்பு, இறப்புப் பதிவு, பள்ளிச் சேர்க்கைப் பதிவேட்டின் நகல், நிலப் பதிவு ஆகியவற்றில் ஒன்று கிடைத்தாலும் பெரிய பலம். தாத்தா படித்த பள்ளித் தலைமை ஆசிரியரிடம் எழுதிக் கொடுத்து, சேர்க்கைப் பதிவேட்டின் அந்தப் பக்கத்தைச் சான்றொப்பமிட்ட நகலாக வாங்குங்கள். ரத்த உறவில் யாருக்காவது ஏற்கெனவே மெய்த்தன்மை உறுதியாகியிருந்தால் அந்த ஆணையை, உங்களுக்கும் அவருக்கும் உள்ள உறவைக் காட்டும் வம்சாவளிப் பட்டியலோடு முதல் நாளே கொடுத்துவிடுங்கள்.

ஒருமுறை முறையாக விசாரித்து உறுதிசெய்த சான்றை மோசடி போன்ற காரணம் இல்லாமல் மறுபடி கிளறக்கூடாது என்று 2021-இல் தமிழ்நாட்டு வழக்கொன்றிலேயே தீர்ப்பு வந்திருக்கிறது. எனவே அறிக்கையின் அசலை மகள் ஓய்வு பெறும்வரை பத்திரமாக வையுங்கள்.

கேள்வி: பூர்வீகம் திருநெல்வேலி, ஆதி திராவிடர். மகன் பிறந்து படித்தது தாராவியில். அவனுக்கு எங்கே இடஒதுக்கீடு?
– ஒரு வாசகர், மும்பை

பதில்: மத்திய நிறுவனங்களில் உண்டு. அப்பாவிடம் தமிழ்நாட்டுச் சான்று இருந்தால், அதைக் காட்டி மகாராஷ்டிரத்திலேயே இடம்பெயர்ந்தோருக்கான படிவத்தில் மகனுக்குச் சான்று வாங்கலாம். அதில் பூர்வீக மாநிலம் தமிழ்நாடு என்று குறிப்பிட்டிருக்கும்.

மகாராஷ்டிர அரசுக் கல்லூரி இடங்களுக்கு இது செல்லாது. ஒரு மாநிலத்தின் எஸ்.சி. தகுதி இன்னொரு மாநிலத்துக்குக் கூடவே வராது என்று 1990-லேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. விதிவிலக்கு ஒன்று: 1950 ஆகஸ்ட் 10-ஆம் தேதிக்கு முன்பே உங்கள் முன்னோர் மகாராஷ்டிரத்தில் குடியிருந்ததற்கு ஆதாரம் இருந்து, சாதிப் பெயர் அம்மாநிலப் பட்டியலிலும் இருந்தால் உள்ளூர்ச் சான்றுக்கு முயலலாம். தாராவிக்குத் தோல் பதனிடும் வேலைக்கு மூன்று தலைமுறைக்கு முன் வந்த குடும்பம் என்றால் பழைய வாடகை ரசீது, நகராட்சிப் பள்ளிப் பதிவு ஆகியவற்றைத் தேடுவது வீண் வேலை அல்ல. அங்கே சாதிச் சான்றோடு, அது உண்மையானது என்று உறுதிசெய்யும் ‘வேலிடிட்டி’ சான்றும் தனியாக வேண்டும்.

தமிழ்நாட்டில் பொறியியல் சேர விரும்பினால், வெளிமாநிலத்தில் படித்தவர் என்பதால் இருப்பிடச் சான்றும், தமிழ்நாட்டு அதிகாரி வழங்கிய சாதிச் சான்றும் இரண்டும் தேவை.

கேள்வி: நான் பி.சி., கணவர் எஸ்.சி. குழந்தைக்கு எந்தச் சான்று?
– ஒரு வாசகி, கரூர்

பதில்: தமிழ்நாட்டில் பெற்றோர் உறுதிமொழி கொடுத்து இருவரில் ஒருவர் சாதியைத் தேர்ந்தெடுக்கலாம். மத்திய நிறுவனங்களில் தந்தையின் சாதி என்றே முதலில் எடுத்துக்கொள்வார்கள். தாய்வழியில் வளர்ந்த பிள்ளை அதை ஆதாரத்தோடு மறுக்கலாம் என்பது 2012-ஆம் ஆண்டுத் தீர்ப்பு. எல்லாப் பிள்ளைகளுக்கும் ஒரே சாதியாக வாங்குங்கள். உங்கள் சாதி திருமணத்தால் மாறாது. மேற்படிப்புக்கு நீங்கள் விண்ணப்பித்தாலும் பி.சி.தான், உங்கள் அப்பா பெயரில் உள்ள சான்றுதான்.

கேள்வி: நாங்கள் கிறிஸ்தவர்கள். தாத்தா ஆதி திராவிடர். எஸ்.சி. சான்று கிடைக்குமா?
– ஒரு வாசகர், விருத்தாசலம்

பதில்: கிடைக்காது. 1950-ஆம் ஆண்டு ஆணைப்படி இந்து, 1956 முதல் சீக்கியர், 1990 முதல் பௌத்தர் ஆகியோருக்கே எஸ்.சி. தகுதி. தமிழ்நாட்டில் எஸ்.சி.யிலிருந்து கிறிஸ்தவரானவர்கள் பி.சி. பட்டியலில் வருகிறார்கள், அந்தச் சான்றை வாங்குங்கள். பழங்குடியினருக்கு இந்த மதத் தடை இல்லை.

கேள்வி: டி.சி.யில் சாதிப் பெயரே இல்லை. ‘வருவாய்த் துறைச் சான்றைப் பார்க்க’ என்று எழுதியிருக்கிறது. பிழையா?
– ஒரு மாணவி, அறந்தாங்கி

பதில்: பிழையல்ல, இப்போதைய முறையே அது. பழைய டி.சி.யில் வேறு சாதி எழுதியிருந்தால்தான் கவலைப்பட வேண்டும். அப்போது வருவாய்த் துறைச் சான்றைக் காட்டிப் பள்ளிப் பதிவை இப்போதே திருத்திக்கொள்ளுங்கள்.

கேள்வி: இடைத்தரகர் ஒருவர் பணம் வாங்கிக்கொண்டு எங்கள் சாதிக்குக் கிடைக்காத சான்றை வாங்கித் தந்துவிட்டார். கலந்தாய்வில் பதிந்தும்விட்டோம். பயமாக இருக்கிறது.
– பெயர் வேண்டாம்

பதில்: உண்மையைச் சொன்னதற்கு நன்றி. அந்தச் சான்றோடு ஓர் அடி கூட முன்னே போகாதீர்கள். முன்பு சில வழக்குகளில், படித்து முடித்தவரின் பட்டத்தை நீதிமன்றம் இரக்கத்தோடு விட்டுவைத்தது உண்மை. 2017 ஜூலையில் வந்த உச்ச நீதிமன்றத் தீர்ப்பு அந்த வாசலை மூடிவிட்டது. சான்று பொய்யென்றானால் சேர்க்கையும் பட்டமும் அதனால் கிடைத்த வேலையும் போகும். எத்தனை ஆண்டு கழித்து வெளிவந்தாலும் போகும். ‘தெரியாமல் செய்தோம்’ என்பது அதைத் தடுக்காது. குற்ற வழக்கு தனி. அந்த இடம் உண்மையான ஓர் எஸ்.டி. அல்லது எஸ்.சி. பிள்ளையின் இடம் என்பதையும் நினையுங்கள். எஸ்.டி.க்கு மாநிலத்தில் இருப்பதே நூற்றுக்கு ஒன்று.

தரவரிசைப் பட்டியல் வெளியாகும் முன்பே உதவி மையத்துக்கு நேரில் போய், உங்கள் உண்மையான பிரிவின் சான்றைக் கொடுத்து, விண்ணப்பத்தில் பிரிவை மாற்றித் தரும்படி எழுத்தில் கேளுங்கள். ஒப்புகை வாங்குங்கள். பொய்ச் சான்றைக் கிழித்துப் போடாமல், ஒரு வழக்கறிஞரைக் கலந்துகொண்டு அவர் மூலமாகவே அதை வழங்கிய அலுவலகத்தில் ஒப்படையுங்கள். பொதுப்பிரிவின் 31 விழுக்காடு எந்தச் சாதியினருக்கும் திறந்ததே. உண்மையான சான்றோடு உங்கள் பிள்ளை எந்தப் பிரிவில் நின்றாலும் அந்த இடங்களுக்கும் சேர்த்தே போட்டியிடுகிறான்.